செல்லோ, மிதிவெடியோ?

யாழ்ப்பாணத்தில் ஒருவருக்குக் கால் இல்லை என்றால் கேள்வி தயாராகக் காத்திருக்கும். "செல்லோ, மிதிவெடியோ?" செல் என்றால் எறிகணை. ஓட்டோ ஓட்டும் அண்ணை கேட்டிருக்கிறார். வங்கி வரிசையில் எனக்கு முன்னால் நின்ற அம்மா கேட்டிருக்கிறார். திருநெல்வேலிச் சந்தையில் ஒருவர் கத்தரிக்காயைத் தராசில் போட்டபடியே கேட்டார். "பஸ்" என்று சொல்வேன். அவர்கள் முகத்தில் ஒரு சின்ன ஏமாற்றம் வந்து போகும். குற்றம் சொல்லவும் முடியாது. பெரிய துயரம் ஒன்றைக் கேட்க மனதைத் திடப்படுத்திக்கொண்டு வந்தவரிடம் நான் வீதி விபத்துச் செய்தி சொல்கிறேன்.

2014 ஒக்டோபரில் யாழ்தேவி ரயில் இருபத்துநான்கு வருடத்துக்குப் பிறகு மறுபடியும் யாழ்ப்பாணம் வந்து சேர்ந்தது. அதே மாதம் கே.கே.எஸ். (காங்கேசன்துறை) வீதியில் என் ஸ்கூட்டியை ஒரு பஸ் இடித்தது. எனக்கு வயது பத்தொன்பது. வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்தார்கள். கொழும்பிலிருந்து சித்தி புது ரயிலில் வந்து, அழுது முடித்த பிறகு ரயிலில் எத்தனை பெட்டி, எவ்வளவு சனம் என்று சொல்லிக்கொண்டிருந்தார். அந்த வாரத்தில் என்னிடம் சாதாரணமாகப் பேசிய ஒரே ஆள் அவர்தான்.

அம்மம்மா என் கால் மீண்டால் சந்நிதி முருகனுக்கு வெள்ளியில் கால் செய்து போடுவதாக நேர்ந்திருந்தார். கால் மீளவில்லை. ஆனாலும் ஒரு குட்டி வெள்ளிக் காலைச் செய்வித்து, தொண்டைமானாறுவரை போய் உண்டியலில் போட்டுவிட்டு வந்தார். ஏன் என்று கேட்டேன். "கால் தரேல்லைத்தான். பிள்ளையைத் தந்தவர்தானே. கடன் கடன்தான்."

ஏழு வயதிலிருந்து நான் பரதம் பழகியவள். அதனால் வந்தவர்கள் எல்லோரும் ஒரே பெயரைச் சொன்னார்கள்: சுதா சந்திரன். 1981இல் தமிழ்நாட்டில் பஸ் விபத்தில் காலை இழந்து, ஜெய்ப்பூர் கால் என்ற செயற்கைக் கால் போட்டு மறுபடி மேடையேறியவர். "நீயும் அப்பிடி ஆட வேணும்." அவர் பெரிய ஆள், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அவரைப் பார்ப்பவர்கள் வியப்பது, இருக்கும் காலுக்கும் இல்லாத காலுக்கும் வித்தியாசம் தெரியவில்லையே என்றுதான். எனக்கோ அந்த வித்தியாசத்தைத்தான் பார்க்க வேண்டும் போலிருந்தது. அரைமண்டியில், முழங்கால் இரண்டையும் மடித்து இருக்கும்போது, வலது பக்கம் அரை நொடி தாமதிக்கும். அந்த அரை நொடியை மறைக்க ஒன்றரை வருடம் முயன்றேன். அப்புறம் சலங்கையைப் பெட்டிக்குள் வைத்தேன்.

என்னை என்ன சொல்லிக் கூப்பிடுவது என்பதிலும் ஊருக்குக் குழப்பம். பழைய படிவங்களில் அங்கவீனர். பிறகு வலுவிழந்தோர், விசேட தேவையுடையோர். மேடையில் மாற்றுத்திறனாளி. வலது குறைந்தோர் என்றும் ஒரு சொல் உண்டு. வலது காலை இழந்தவள் என்பதால் அது மட்டும் எனக்கு அளவெடுத்துத் தைத்த மாதிரி இருக்கிறது. சிரித்தபடி சொன்னால் கேட்பவர்களுக்குச் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் போகும். பின்னால் நான் செய்த வேலை எல்லாமே அந்தத் தயக்கத்தில்தான் தொடங்கியது.

முதலில் கண்ணாடிக் கதை.

கால் போன பிறகும் அதன் பெருவிரல் கடித்தது. இரவில் சொறிய இடமில்லாமல் அழுதிருக்கிறேன். கண்ணாடியை வைத்து ஒரு பயிற்சி இருப்பதாக உடற்பயிற்சி சிகிச்சை தருகிற அக்கா சொன்னார். தமிழ்நாட்டில் பிறந்த நரம்பியல் விஞ்ஞானி வி.எஸ். இராமச்சந்திரன் 1990களில் தொடங்கிவைத்த முறை. இரண்டு காலுக்கும் நடுவில் உயரமான கண்ணாடியை நிறுத்தி, இருக்கிற காலை அதன் முன்னால் நீட்ட வேண்டும். கண்ணாடியில் தெரிவதை மூளை மற்றக் கால் என்று நம்பும். அம்மம்மாவின் அலுமாரியின் கண்ணாடிக் கதவைக் கழற்றி, தினம் ஒரு கால் மணிநேரம் செய்தேன். மூன்றாவது வாரம் கடி குறைந்தது. எல்லோருக்கும் இது வேலை செய்யும் என்றில்லை. சிலருக்குத் தலை சுற்றும், சிலருக்கு அழுகை வரும். தெரிந்த ஒருவர் பக்கத்தில் இருக்கத் தொடங்குவது நல்லது. எனக்கு மிஞ்சியது வேறொன்று. ஒருநாள் தம்பி அறைக் கதவைத் திறந்து என்னைப் பார்த்துத் திடுக்கிட்டு நின்றான். அவன் நின்ற கோணத்தில் எனக்கு இரண்டு கால் தெரிந்திருக்கிறது. ஒரு பழைய கண்ணாடியும் என் உடம்பும் சேர்ந்து ஒரு மனிதனை அப்படி நிறுத்திவைக்க முடியும் என்று அன்றுதான் தெரிந்தது.

2018இல் யாழ்ப்பாணத்தில் இரண்டு நாள் பட்டறை ஒன்றுக்குத் தோழி இழுத்துக்கொண்டு போனாள். ஆற்றுகைக் கலை. நாடகம் மாதிரி வேறொருவராக நடிப்பதில்லை. சொந்த உடம்பு, சொந்தப் பெயர், அந்த நேரத்தில் அந்த இடத்தில் உண்மையாகவே ஒன்றைச் செய்வது. வீட்டில் "ஆற்றுகை பழகப் போறன்" என்றேன். பெரியப்பா அதை ஆற்றுப்படுத்தல் என்று விளங்கிக்கொண்டு, "கவுன்சிலிங் எடுக்கிறது நல்லதுதான் பிள்ளை, வெக்கப்படாதை" என்றார். இன்றுவரை நான் அதைத் திருத்தவில்லை. அவர் சொன்னது முழுப் பிழையும் இல்லை.

என் முதல் ஆற்றுகை அந்தக் கண்ணாடிதான். நாற்பது நிமிடம், பேச்சில்லை. பார்ப்பவர்கள் சுற்றி நடக்கலாம். ஒரு பக்கம் நின்றால் எனக்கு இரண்டு கால், மற்றப் பக்கம் வந்தால் ஒன்று. அதில் நான் விட்ட பிழைகள் நிறைய, மற்றவர்கள் விட்டதும் உண்டு.

பெரிய பிழை போஸ்டர். ஏற்பாடு செய்தவர்கள் "போரின் வடு" என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தார்கள். என்னிடம் யாரும் கேட்கவில்லை. யாழ்ப்பாணம், பெண், கால் இல்லை, வேறென்னவாக இருக்கும் என்று நினைத்திருக்கிறார்கள். நான் அதைப் பார்த்தது நிகழ்வுக்கு இரண்டு மணிநேரத்துக்கு முன். சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. போர் என்று போட்டால் சனம் வரும் என்று உள்ளுக்குள் ஒரு கணக்கு எனக்கும் இருந்தது. அன்று முப்பது பேர் வந்து, பாதிப் பேர் அழுதார்கள். அவர்கள் எனக்காக அழவில்லை. தங்களுடைய யாருக்காகவோ அழுதார்கள். நான் அந்த அழுகையைப் பொய்யாக வாங்கிக்கொண்டேன். நாலு நாள் நித்திரை இல்லை.

அதிலிருந்து ஒரு வழக்கம்: என்னைப் பற்றிய அறிமுகத்தை நானே எழுதிக் கொடுப்பேன், நாலு வரிதான். இதை மாற்றாமல் போட வேண்டும், அச்சுக்குப் போகுமுன் எனக்கு வட்ஸ்அப்பில் அனுப்ப வேண்டும் என்று முதல் பேச்சிலேயே சொல்லிவிடுவேன். முதல் வரி, "2014இல் வீதி விபத்தில் வலது காலை இழந்தவர்." ஒரு இடத்தில் அந்த வரி வேண்டாம், சுவாரசியம் குறைகிறது என்றார்கள். போகவில்லை.

இனி உடம்புச் சங்கதி. இதை யாரும் எழுதமாட்டார்கள் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

1987 முதல் யாழ்ப்பாணத்தில் இயங்கும், செயற்கைக் கால் செய்து தரும் ஜெய்ப்பூர் நிலையத்தைப் பற்றி இங்கே தெரியாதவர் குறைவு. அந்தக் காலின் கதை எனக்குப் பிடிக்கும். 1968இல் ஜெய்ப்பூரில் டொக்டர் சேத்தியும் ராம் சந்திர சர்மா என்ற கைவினைஞரும் சேர்ந்து உருவாக்கியது. வெறுங்காலுடன் நடக்க, சப்பாணி கட்டி இருக்க, குந்த வேண்டும் என்று நம்மைப் போன்ற சனத்தை நினைத்துச் செய்த ரப்பர் பாதம், விரல்கூட வைத்திருக்கும். சப்பாத்து வேண்டாம். கோவிலுக்குள் போகலாம், வயலுக்குள் இறங்கலாம். என் காலை யோசித்த இருவரில் ஒருவர் கைவேலைக்காரர் என்பது எனக்கு ஒரு பெருமை.

ஆனால் யாழ்ப்பாணத்துப் பங்குனி, சித்திரை வெயிலை எந்தக் காலும் தாங்காது. நம் கால் நுழைந்திருக்கும் கிண்ணம் போன்ற சொக்கெட்டுக்குள் வியர்வை தேங்கும். இரண்டாவது ஆற்றுகைக்கு ஒத்திகை பார்க்கும்போது மூன்று மணிநேரம் கழற்றாமல் நின்றேன், வீம்புக்கு. மிச்சக் காலில் (முழங்காலுக்குக் கீழே எஞ்சியதை நான் அப்படித்தான் சொல்வேன்) கொப்புளம் போட்டு, உடைந்து, இரண்டு கிழமை கால் போட முடியவில்லை. நிகழ்வு தள்ளிப்போனது. இப்போது ஒரு மணிநேரத்துக்கு ஒருமுறை கழற்றித் துடைத்து, பருத்திச் சொக்ஸ் மாற்றுவேன். நடந்து நடந்து மிச்சக் கால் சுருங்கும், சொக்கெட் ஆடத் தொடங்கும். அப்போது இன்னொரு சொக்ஸ் மேலே போட வேண்டும். இதற்காகப் பையில் எப்போதும் நாலு சோடி இருக்கும். கழற்றிய பிறகு சிறு கண்ணாடியைக் கீழே பிடித்து அடிப்பக்கம் பார்ப்பேன். சிவந்திருப்பது பெரிய விஷயமில்லை. பதினைந்து இருபது நிமிடத்தில் அந்தச் சிவப்பு மங்கவில்லை என்றால் அன்றைக்குக் கால் வேண்டாம், கால் செய்தவரிடம் காட்டுவதுதான் சரி. மேடைக்கு அழகாக இருக்கட்டும் என்று மிச்சக் காலின் மயிரைச் சவரம் செய்யாதீர்கள். நான் செய்தேன். உள்ளே வளர்ந்து, சீழ் கட்டி, அது தனிக் கதை.

தரை. நம் பழைய வீடுகளின் சிவப்புச் சீமெந்துத் தரை பார்க்க நல்ல வடிவு. விருந்தினர் வருகிறார்கள் என்று யாராவது அதைக் கழுவிவிட்டால் ரப்பர் பாதம் வழுக்கும். நான் விழுந்திருக்கிறேன். பார்த்தவர்கள் அதையும் ஆற்றுகை என்று நினைத்துக் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள்! உதவி வேண்டும் என்றால் என்ன சைகை என்று முதலே ஒருவருடன் பேசிவைப்பது அவசியம். என் சைகை தலைமுடியை அவிழ்ப்பது. விழவும் பழக வேண்டும்: பாயில், கையை முறுக்காமல், பக்கவாட்டில். ஊன்றுகோலில் போகும்போது பாரம் கையில் இருக்க வேண்டும், கக்கத்தில் இல்லை. கோலின் மேல்முனைக்கும் கக்கத்துக்கும் இடையில் இரண்டு மூன்று விரல் போக வேண்டும்.

முதல் நாளே போய் மலசலகூடத்தைப் பாருங்கள். குந்தும் கழிப்பறை என்றால் கால் போட்டபடி சமாளிக்கலாம், ஆற்றுகைக்காகக் கழற்றிய பிறகு முடியாது. படிகளை எண்ணுங்கள். 'சாய்தளம் இருக்கு' என்று சொல்வார்கள். ஒரு அடி உயரத்துக்குப் பன்னிரண்டு அடி நீளம் இருந்தால்தான் அது சாய்தளம், இல்லாவிட்டால் சறுக்குமரம். இலங்கையில் பொதுக் கட்டடங்களின் அணுகுவசதிக்கு 2006இலேயே ஒழுங்குவிதி வந்துவிட்டது. எனக்கு விருது தர அழைத்த ஒரு மண்டபத்தில் மேடைக்கு ஏழு படி, கைபிடி இல்லை. நான் கீழேயே நின்றேன். தலைவர் இறங்கி வந்து பொன்னாடை போர்த்தினார். படங்களில் அவர் என்னைவிடக் கஷ்டப்படுகிறவர் போலத் தெரிகிறார்.

சரி, இனி அம்மிக் கதை.

கால் போய் மூன்று வருடத்துக்குப் பிறகு ஒரு கல்யாணப் பேச்சு வந்தது. நல்ல குடும்பம்தான். தேத்தண்ணி குடித்து, சாதகம் பேசி, எல்லாம் முடிந்த பிறகு மாப்பிள்ளையின் மாமி தயங்கித் தயங்கிக் கேட்டார்: "அம்மி மிதிக்க ஏலுமோ?" மணமகள் வலது காலைத்தான் அம்மியில் வைக்க வேண்டும். மெட்டியும் அந்தக் கால் விரலில் போட வேண்டும். அறையில் யாரும் மூச்சுவிடவில்லை. அவர் கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை, சடங்கு பிசகக் கூடாது என்ற கவலை. எனக்குப் பதில் வரவில்லை. பதில் வர நாலு வருடம் ஆனது.

கொக்குவிலில் ஒரு நாற்சார் வீட்டு முற்றம். நேரம் பின்னேரம் ஐந்தரை, வெயில் தாழ்ந்த பிறகு. அம்மாவின் கூறைச்சேலையை உடுத்து, மணையில் இருந்து, ரப்பர்ப் பாதத்தை அம்மம்மாவின் அம்மி மேல் வைத்தேன். இடது கால் பக்கத்தில். முன்னால் ஒரு சிவப்புக் கியூட்டெக்ஸ் (நகப்பூச்சு) போத்தல். வேறெதுவும் வைக்கவில்லை. 1974இல் நேப்பிள்ஸில் மரீனா அப்ரமோவிச் என்ற ஆற்றுகைக் கலைஞர் மேசையில் 72 பொருட்களை வைத்து, ஆறு மணிநேரம் தன் உடம்பைப் பார்வையாளர் கையில் விட்டார். பூவும் இருந்தது, துப்பாக்கியும் இருந்தது. உடுப்பை வெட்டினார்கள், கடைசியில் துப்பாக்கி தலைக்கு நீண்டது. அதைப் படித்த பிறகு நான் எடுத்த முடிவு, என்ன பொருளை வைக்கிறேனோ அதற்கு மேல் யாரும் போக முடியாதபடி வைப்பது. வாசலில் ஒரு அட்டை: "ஒருவருக்கு ஒரு விரல். பாதத்தைத் தவிர வேறெங்கும் தொட வேண்டாம். படம் வேண்டாம்." வாசலில் நின்ற தோழி ஒவ்வொருவரையும் அதை வாயால் வாசிக்கவைத்தாள். எழுதி ஒட்டினால் மட்டும் போதாது, நம் ஆட்கள் அட்டையைப் பார்த்துக்கொண்டே படம் எடுப்பார்கள். முதல் ஆற்றுகையின் படம் ஒன்று "பாவம் இந்தப் பிள்ளை" என்ற தலைப்போடு எத்தனை கைமாறியதோ தெரியாது. இம்முறை கைப்பேசிகள் ஒரு கடகத்தில் போயின.

பதினொரு நிமிடம் யாரும் வரவில்லை. அந்தப் பதினொரு நிமிடத்தில் மூன்று தரம் எழும்பிப் போக நினைத்தேன். பிறகு எட்டு வயது இருக்கும், ஒரு சிறுமி வந்து குந்தி, ரப்பர்ப் பெருவிரலில் நாக்கைக் கடித்தபடி பூசினாள். "அக்கா, கூசுதோ?" பேசுவதில்லை என்ற தீர்மானத்தை விட்டு "இல்லை" என்றேன். "இதுக்கு?" என்று இடது உள்ளங்காலில் விரலை ஓட்டினாள். துள்ளிவிட்டேன். அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். முற்றம் முழுக்கச் சிரித்தது. அதன் பிறகு வரிசை. ஒரு வயதான அம்மா ரப்பர் விரலைப் பிடித்தபோது நோகும் என்பதுபோல மெதுவாகப் பிடித்தார். ஒரு பெடியன் இடது காலைத் தொடவே வெட்கப்பட்டு, ரப்பர் காலுக்கு மாறினான். பத்து விரலும் முடிந்ததும் காலைக் கழற்றி அம்மியின் மேலேயே விட்டுவிட்டு, ஊன்றுகோலில் கிணற்றடிப் பக்கம் போனேன். அந்தக் கால் அங்கேயே மிதித்துக்கொண்டு நின்றது.

ஆற்றுகை முடிந்தவுடன் ஆட்கள் சூழ்வார்கள். பத்து நிமிடம் யாரையும் விடாதே என்று தோழியிடம் சொல்லிவைப்பேன். (அவளுடைய ஓட்டோக் காசும் சாப்பாடும் என் கட்டணத்தில் சேரும். உதவிக்கு வருபவர் சும்மா வருவார் என்று ஏற்பாட்டாளர்கள் நினைப்பார்கள், நாம் நினைக்கக் கூடாது.) பத்து நிமிடம் முடிந்ததும் முதலில் வந்தவர் ஐம்பது வயதுக்காரர். அவருக்கும் வலது கால்.

"தங்கச்சி, கண்ணாடி வைச்சுச் செய்ததுக்கும் வந்தனான். போர் எண்டு போஸ்டர் ஒட்டியிருந்தது. பிறகு பஸ் எண்டு கேள்விப்பட்டன். கோபம் வந்தது."

நான் மன்னிப்புக் கேட்டேன்.

"இந்த முறை நீங்கள்தானே எழுதிப் போட்டிருக்கிறியள். அதாலைதான் வந்தனான்." பிறகு குரலைத் தாழ்த்தி, "எனக்கு மிதிவெடி, உங்களுக்கு பஸ். கழட்டினால் மணம் ஒண்டுதான், என்ன?"

கிணற்றுக்கட்டில் இருந்து இருவரும் அரை மணிநேரம் அதைத்தான் பேசினோம். சொக்கெட்டுக்குள் போடும் உள்ளுறையைத் தினம் இரவில் கழுவ வேண்டும், காரமான சவர்க்காரம் கூடாது, நுரை துளியும் மிஞ்சக் கூடாது என்றார். நான் வெயிலில் காயப்போடுவேன் என்றதும் தலையில் கைவைத்தார். "வெயிலிலை போட்டால் வெடிச்சுப் போகும் தங்கச்சி. நிழலிலை, காத்துப் படுற இடத்திலை." இத்தனை வருடமாக நான் அதைப் பிழையாகச் செய்துகொண்டிருந்திருக்கிறேன்.

அம்மி மறுநாள் குசினிக்குத் திரும்பியது. பூசும்போது சிந்திய சிவப்பு ஒன்று அதன் ஓரத்தில் ஒட்டியிருந்தது. அம்மம்மா தும்பால் தேய்த்தார், புளி போட்டுத் தேய்த்தார், போகவில்லை. அந்த ஓரத்தை விட்டுவிட்டு மற்றப் பக்கத்தில் சம்பல் அரைத்தார்.

"நிறம் வராது," என்றார். "சாப்பிடு."